பாலம் இல்லை என்கிற செய்தி

தன் வாழ்நாளில் ஒரு பொய்யின் மேல் ஒரு தடவைகூடக் கால் வைக்காத மனிதர் இந்த நாட்டில் தான் ஒருவர்தான் என்று செய்தியாளர் ரயிலில் எதிர் இருக்கைக்காரரிடம் சொன்னார். சோப்பு கம்பெனி ஏஜென்டான எதிர் இருக்கைக்காரர் "அப்படியா சார்" என்று சொல்லிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார். அதே நேரம், அங்கிருந்து நாற்பது நிமிடத் தொலைவில், செய்தியாளரின் சொந்த ஊரில், ஆற்றுக்கு மேலே, கட்டப்படாத பாலத்தில் காலை நேர நெரிசல் மெல்லக் குறைந்துகொண்டிருந்தது. அன்று அதுவரை ஆயிரத்து நூற்றுப் பதினொரு பேர் அதைக் கடந்திருந்தார்கள். சைக்கிள்கள் தனி. ரொட்டி வேன் இரண்டு நடை போய் வந்திருந்தது.

பாலத்தின் வரலாறு சுருக்கமானது. முப்பத்தொரு வருடம் ஊர்க்காரர்கள் திங்கள்கிழமைதோறும் நகராட்சிக்கு மனு கொடுத்தார்கள். பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் பதிவாளர் அலுவலகமும் அக்கரையில் இருந்தன. பெரும்பாலான வீடுகள் இக்கரையில் இருந்தன. நடுவில் ஒரே ஒரு படகு இருந்தது. முப்பத்திரண்டாவது வருடம் பாலத்துக்கு உத்தரவு வந்தது. நீளம் எழுபத்தாறு மீட்டர், ஐந்து தூண். நகராட்சித் தலைவர் வந்து கரையில் நான்கு குழி வெட்டச் சொன்னார், குழிக்குப் பக்கத்தில் மண்வெட்டியோடு நின்று படம் எடுத்துக்கொண்டார், குழியை மூடச் சொன்னார். மீதிப் பணத்தைத் தலைவரும் பொறியாளரும் ஒப்பந்தக்காரரும் சேர்ந்து ஏப்பம் விட்டார்கள். ஒன்பது மாதம் கழித்துத் தலைவர் மறுபடி வந்து, கரையோரம் கட்டியிருந்த நாடாவை வெட்டி, பாலத்தைத் திறந்து வைத்து, கைதட்டல் வாங்கிக்கொண்டு, இருபத்துமூன்று கிலோமீட்டர் சுற்றி வரும் சாலை வழியாகக் காரில் அக்கரையிலுள்ள தன் வீட்டுக்குப் போனார்.

மறுநாள் காலை எட்டே முக்காலுக்குக் கணக்கு டீச்சர் கரைக்கு வந்தார். பதினேழு வருடமாகப் படகால் தாமதமாகப் போய், பதினேழு வருடமாக வருகைப் பதிவேட்டில் சிவப்புக் கோடு வாங்கியவர் அவர். பாலம் திறந்தாயிற்று என்று முந்தின நாள்தான் ஒலிபெருக்கியில் சொல்லியிருந்தார்கள். எனவே அவர் தண்ணீருக்கு மேலே கால் வைத்து நடந்து போனார். குனிந்து பார்க்க நேரமில்லை, முதல் பீரியட் அவருடையது. அவருக்குப் பின்னால் தபால்காரர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனார். சாயங்காலத்துக்குள் ஊரே போய்வந்துவிட்டது. பாலம் கண்ணுக்குத் தெரியாது. நிழல் மட்டும் தண்ணீரில் விழும், வெயில் நேரத்தில் வாத்துகள் அதில் ஒதுங்கும். கைப்பிடி காலையில் சில்லென்று இருக்கும். வருடத்துக்கு ஒரு முறை பராமரிப்புச் செலவு என்று பச்சை வண்ணம் பூசியதாக நகராட்சி பில் போடும்; அந்த வாரம் கைப்பிடியைத் தொட்டவர்கள் பச்சை உள்ளங்கையோடு வீடு திரும்பி மனைவியிடம் திட்டு வாங்குவார்கள். விளக்குக் கம்பத்துக்கான கோப்பு மட்டும் எங்கேயோ சிக்கிக்கொண்டதால் பொழுது சாய்ந்தபின் பாலம் இருட்டாக இருந்தது. ஊர்க்காரர்களுக்குப் பாலத்தின் மேல் இருந்த ஒரே குறை அதுதான்.

மூன்று பேரை மட்டும் பாலம் தாங்கவில்லை. திறந்த வாரமே தலைவர் ஆசைப்பட்டு ஏறினார், விழுந்தார். அது பத்திரிகைக் குறிப்பில் 'நீர்மட்ட ஆய்வு' என்று வந்தது. பொறியாளர் விழுந்தார். ஒப்பந்தக்காரர் விழுந்து, செருப்பை ஆற்றுக்குக் கொடுத்துவிட்டு வந்தார். அன்றிலிருந்து மூன்று பேரும் குண்டும் குழியுமான சுற்றுச் சாலையில்தான் போய் வந்தார்கள். பத்து மணி அலுவலகத்துக்குத் தலைவர் ஏழரைக்கே வீட்டைவிட்டுக் கிளம்புவதை அக்கரை மக்கள் பல் விளக்கியபடி தினமும் பார்த்தார்கள். தொழில் போன படகுக்காரரை, விழுகிறவர்களைத் தூக்குவதற்கென்றே நகராட்சி சம்பளத்தில் வைத்துக்கொண்டது. பன்னிரண்டு வருடத்தில் அவருக்கு மூன்றே வாடிக்கையாளர்கள். மீதி நேரம் படகில் படுத்துக் குறுக்கெழுத்துப் போட்டி போட்டார்.

செய்தியாளர் ஊரைவிட்டுப் போய் இருபத்துமூன்று வருடம் ஆகியிருந்தது. தலைநகரில் ஒரு பெரிய பத்திரிகையில் இரண்டு அமைச்சர்களையும் ஒரு கூட்டுறவு வங்கியையும் கவிழ்த்திருந்தார். அவருக்கு ஒரே ஒரு அக்கா. நகராட்சி அலுவலகத்துக்கு எதிரே, கூரைச் சரிவின் கீழே, ஒரு மேஜையும் தட்டச்சு இயந்திரமும் போட்டு மனு தட்டித் தருவது அவர் தொழில். கல்லூரியில் படித்தபோது செய்தியாளர் இந்த மேஜையைப் பற்றித்தான் தன் முதல் கட்டுரையை எழுதினார். தலைப்பு 'மனு என்னும் தீராத வியாதி'. 'நோயாளி முதலில் இடப்பக்கம் இரண்டு விரல் இடம் விடுவார். "பணிவுடன்" என்ற சொல் வரும்போது காய்ச்சல் உச்சத்தைத் தொடும். ஒவ்வொரு திங்களும் மறுபடி வரும். மருந்து கிடையாது, பதிலும் கிடையாது' என்று அதில் இருந்தது. கல்லூரி விழுந்து விழுந்து சிரித்தது. அந்தக் கட்டுரையைத் தட்டச்சு செய்து கொடுத்தவரும் அக்காதான். இரண்டு எழுத்துப் பிழையைத் திருத்தியும் கொடுத்தார்.

அக்காவுக்கு நாற்பத்தொன்பது வயதில் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. மாப்பிள்ளை அக்கரை ரொட்டிக்கடைக்காரர். ஆறு வருடமாக எதிரெதிர் திசையில் பாலத்தைக் கடந்து, முதல் வருடம் தலையசைத்து, இரண்டாம் வருடம் வானிலை பேசி, ஆறாம் வருடம் முடிவுக்கு வந்திருந்தார்கள். அக்கா தம்பிக்குப் போட்ட கடிதத்தில், 'ஞாயிறு பத்து மணி, பதிவாளர் ஆபீஸ், பாலம் தாண்டி இடப்பக்கம் மூன்றாவது கட்டடம்' என்று இருந்தது. வேறு யாராக இருந்தாலும் கண் கலங்கியிருப்பார்கள். செய்தியாளர் 'பாலம்' என்ற சொல்லில் நின்றார். தலைநகரத் தணிக்கைக் காகிதங்களைத் தோண்டினார். பாலத்துக்கென்று ஒரு மூட்டை சிமென்ட்கூட வாங்கப்படவில்லை என்று கண்டுபிடித்தார். பத்திரிகை ஆசிரியர் ஞாயிற்றுக்கிழமை முதல் பக்கத்தை அவருக்காக ஒதுக்கிவைத்தார். "ஆதாரம் வேணும். படம் வேணும். பாலம் இல்லங்கறத ஜனங்க கண்ணால பாக்கணும்" என்றார்.

இப்படியாகத் திங்கள்கிழமை மதியம் செய்தியாளர் கரையில் வந்து நின்றார். வெறும் காற்றில் ஆட்கள் போய் வருவதைக் கொஞ்ச நேரம் பார்த்தார். ஒரு அம்மா குடையைப் பிடித்துக்கொண்டு போனார். இரண்டு பேர் நடுவில் நின்று வீட்டு வாடகை பேசினார்கள். செய்தியாளர் குறிப்பேட்டில் 'கூட்டு மயக்கம்' என்று எழுதினார். கடைக்காரர் ஒருவரைக் கூப்பிட்டு, "இல்லாத பாலத்துல நடக்கறீங்களே, வெக்கமா இல்லயா?" என்று கேட்டார். கடைக்காரர் யோசித்து, "நடக்கறதுல என்னங்க வெக்கம்" என்று சொல்லிவிட்டு நடந்து போனார். இது மயக்கம்தான் என்று நிரூபிக்கச் செய்தியாளர் தன் காலைத் தூக்கித் தண்ணீருக்கு மேலே வைத்தார். அடுத்த வாக்கியத்தை அவர் தண்ணீருக்குள் இருந்து யோசிக்க வேண்டியிருந்தது.

படகுக்காரர் குறுக்கெழுத்தை மடித்து வைத்துவிட்டு வந்து கழியை நீட்டினார். பன்னிரண்டு வருடம் கழித்து வேலை வந்ததில் அவருக்கு முகமெல்லாம் சிரிப்பு.

"நாலாவது ஆள் நீங்க" என்றார். "எவ்வளவு வாங்கினீங்க?"

"நான் ஒண்ணும் வாங்கல."

"மொதல்ல எல்லாரும் அப்படித்தான் சொன்னாங்க. குளிருதா? அந்தச் சாக்க எடுத்துப் போத்திக்குங்க. தலைவர் போத்தினதுதான், தொவச்சாச்சு."

அன்று மாலைக்குள் செய்தி ஊர் முழுக்கப் பரவிவிட்டது. டீக்கடையில் அவருக்கு டீ வந்தது, ஆனால் கிளாஸைக் கையில் கொடுக்காமல் மேஜையில் வைத்தார்கள். சலூனில் காத்திருந்தவர்கள் அவர் பக்கத்து நாற்காலியைக் காலியாக விட்டார்கள். ஒரு பையிலும் கை விடாத மனிதரை, தலைநகரத்து நேர்மையை, ஊர் ஒப்பந்தக்காரரோடு சேர்த்து எண்ணியது. ராத்திரிச் சாப்பாட்டின்போது அக்கா மட்டும் சாதாரணமாக இருந்தார்.

"நீ வாங்கியிருக்க மாட்டடா. வாங்கியிருந்தா நல்ல சட்ட போட்டிருப்ப" என்றார்.

"அக்கா, அங்க பாலமே இல்ல."

"கொழம்பு ஊத்தட்டுமா?"

செய்தியாளருக்கு இது வெறும் செய்தியாக இல்லாமல் மானப் பிரச்சினையாகிவிட்டது. செவ்வாய்க்கிழமை காலை நகராட்சியின் பழைய காகித அறைக்குப் போனார். அது ஜன்னல் இல்லாத அறை. இரும்பு அலமாரிகள், ஒவ்வொன்றிலும் வருடம் எழுதிய தகரத் துண்டு, மூலையில் ஒரு மின்விசிறி, அதற்கு நேர் கீழே பதிவேட்டு எழுத்தர். எழுத்தர் கேட்டதையெல்லாம் எடுத்துக் கொடுத்தார். மதிப்பீடு இருந்தது, வரைபடம் இருந்தது, பன்னிரண்டு வருடப் பச்சை வண்ண பில் இருந்தது. மனுக்களுக்கான அலமாரி மட்டும் சுத்தமாகக் காலியாக இருந்தது.

"முப்பத்தொரு வருஷ மனு எங்கங்க?"

"பாலத்துக்குப் போட்டாச்சு சார்."

"அப்படின்னா?"

"அப்படின்னா, பாலத்துக்குப் போட்டாச்சு" என்றார் எழுத்தர், பொறுமையாக. அரசு அலுவலகங்களில் காணாமல் போன பொருள்களைப் பற்றி இப்படித்தான் பேசுவார்கள் என்பது செய்தியாளருக்குத் தெரியும். அவர் குறிப்பேட்டில் 'மனுக்கள் அழிக்கப்பட்டன' என்று எழுதிக்கொண்டார். பிறகு படத்தில் தலைவர் மண்வெட்டியோடு நின்ற இடம் எது என்று கேட்டார். எழுத்தர் ஜன்னல் இல்லாத சுவரைக் காட்டி, "அந்தப் பக்கம், புங்க மரத்துக்குக் கீழ" என்றார். அது சரியாகத்தான் இருந்தது.

சிமென்ட் இல்லை என்று நிரூபிக்க வேண்டுமானால் அஸ்திவாரத்தைத் தோண்டிக் காட்ட வேண்டும். புதன்கிழமை மதியம் ஒன்றரை மணிக்கு, நகராட்சி முழுவதும் சாப்பிட்டுவிட்டு மேஜையில் தலை வைத்திருந்த நேரத்தில், செய்தியாளர் இரவல் மண்வெட்டியோடு மரத்தடிக் குழியைத் தோண்டினார். இடுப்பளவு ஆழத்தில் சாக்கு தட்டுப்பட்டது. சிமென்ட் மூட்டையோ, கட்டுரையே போய்விடுமே என்று அவர் குனிந்து அமுக்கிப் பார்த்தார். ஆனால் சாக்கு மெத்தென்று இருந்தது. ஒன்றல்ல, ஒன்றின் மேல் ஒன்றாக ஒரு குழி நிறைய. அவர் மேல் சாக்கின் காதைப் பிடித்து இழுத்து வெளியே போட்டார். அது விழுந்த அதே நொடி, பாலத்தின் மூன்றாவது கண், வரைபடத்தில் இரண்டு தூணுக்கு நடுவே உள்ள பகுதி, ஒன்றரை அடி கீழே இறங்கியது.

அப்போது பாலத்தின் மேல் முப்பத்தெட்டுப் பேரும் ரொட்டி வேனும் இருந்தார்கள். யாரும் கத்தவில்லை. சாய்ந்த தரையில் எல்லாரும் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, ரயில் நடுவழியில் நின்றால் நிற்பதுபோல நின்றார்கள். வேனின் பின்கதவு திறந்து, அன்றைய மதிய நடை பன்கள் நூற்றிருபதும் சரிந்து வழுக்கி நடுவில் போய்க் குவிந்தன. மாப்பிள்ளை ஓட்டுநர் இருக்கையிலிருந்து தலையை நீட்டினார்.

"மச்சான், நீங்கதானா அது? எதயாவது எடுத்தீங்களா?"

"ஒரு சாக்கு, மாமா."

"அத எடுத்த எடத்துலயே வச்சிருங்க. பன்னு ஆறுது."

முப்பத்தெட்டுப் பேரில் அக்காவும் ஒருவர். அவர் சரிவில் சிறுசிறு அடியாக இறங்கி, மறுபடி ஏறி, கரைக்கு வந்து, குழியின் விளிம்பில் உட்கார்ந்தார். கோபப்பட்டதாகத் தெரியவில்லை. தட்டச்சுப் பிழை பார்க்கிறவர் போலச் சாக்கின் வாயைப் பிரித்து உள்ளே பார்த்தார். உள்ளே மனுக்கள் இருந்தன. பன்னிரண்டு வருடம் மண்ணுக்கடியில் இருந்தும் ஒரு தாளும் நனையவில்லை, செல்லரிக்கவில்லை. மை அப்போதுதான் உலர்ந்ததுபோல இருந்தது. மூடுவதற்கு மண் கொண்டுவரக்கூடச் செலவு செய்ய மனமில்லாமல், நகராட்சியில் இடத்தை அடைத்துக்கொண்டிருந்த மனு மூட்டைகளை நான்கு குழியிலும் போட்டு நிரப்பியிருக்கிறார் ஒப்பந்தக்காரர். அன்று அந்த மூட்டைகளைச் சுமந்தவர்கள் இந்த ஊர்க்காரர்கள்தான்.

"அப்ப உங்களுக்குத் தெரியுமா?" என்றார் செய்தியாளர்.

"எது?"

"சிமென்ட் இல்ல, கம்பி இல்ல, எல்லாத்தயும் தின்னுட்டாங்கன்னு."

"ஊருக்கே தெரியும்டா. உனக்குத்தான் தலைநகரம் போய்த் தெரிய வேண்டியிருந்துச்சு."

அவர் ஒரு தாளை எடுத்தார். கணக்கு டீச்சருடையது: ஐயா, நான் ஒரு முறையாவது மணி அடிப்பதற்கு முன்னால் வகுப்புக்குப் போக விரும்புகிறேன். இன்னொன்று படகுக்காரருடையது. தன் தொழில் போய்விடும் என்று தெரிந்தும், காய்ச்சல் குழந்தைகளை மழையில் படகில் ஏற்றுவது தனக்குப் பிடிக்கவில்லை என்று எழுதியிருந்தார். ஒன்று மூன்றாம் வகுப்பு முழுவதும் கையெழுத்துப் போட்டது. ஒன்று பென்சிலில், பதினோரு வயதில் அக்காவே எழுதியது: அக்கரையில் என்ன இருக்கிறது என்று பார்க்க வேண்டும். செய்தியாளர் அதை இரண்டு தடவை படித்தார். பிறகு, எதையும் சரிபார்க்கும் பழக்கத்தால், தன் பெயரில் ஏதாவது இருக்கிறதா என்று தேடினார். அக்கா சிரித்துவிட்டார்.

"இருக்காது. நீ அப்ப வியாதியப் பத்திக் கட்டுர எழுதிட்டிருந்த."

"அதனாலதான் நான் விழுந்தேனா?"

"அந்த மூணு பேர் ஏன் விழுந்தாங்க? பாலம் வேணும்னு அவங்க கேக்கல. உத்தரவு போட்டாங்க, பில்லு போட்டாங்க. கேக்கல. வெளியூர் யாவாரி வந்து, 'ஏங்க, அக்கரைக்குப் போகணும், எப்படிப் போறது'ன்னு நம்மகிட்ட கேப்பான் பாரு, அவனயே தாங்குது. நீ வந்து எறங்கினதும் என்ன கேட்ட? வெக்கமா இல்லயான்னு கேட்ட."

செய்தியாளரின் கைப்பையில் கேமரா இருந்தது. நான்கு குழியையும் காலி செய்து, மூட்டைகளைக் கரையில் வரிசையாக அடுக்கிப் படமெடுத்தால், பத்து வருடத்தின் மிகப் பெரிய செய்தி அது. மூன்று பேரும் உள்ளே போவார்கள், அவர் பெயர் முதல் பக்கத்தில் வரும். பாலம் போய்விடும். ஞாயிற்றுக்கிழமை அக்கா படகில்தான் கல்யாணத்துக்குப் போக வேண்டும், அடுத்த திங்களிலிருந்து டீச்சருக்கு மறுபடி சிவப்புக் கோடு. பாலத்தின் நடுவிலிருந்து யாரோ, "அங்க பேசி முடிச்சாச்சுன்னா சொல்லுங்க, கால் வலிக்குது" என்று குரல் கொடுத்தார். செய்தியாளர் சாக்கைத் தூக்கி, எடுத்த இடத்தில், எடுத்த பக்கமாகவே வைத்தார். மூன்றாவது கண் ஒரு சிறு குலுக்கலோடு மேலே வந்தது. பன்கள் தாமாக உருண்டு வேன் பக்கம் திரும்பின. அவர் மண்ணைத் தள்ளி மூடி, மேலே நின்று மிதித்துக் கெட்டியாக்கினார். ஒப்பந்தக்காரர் செய்யாத வேலை அது.

அன்று சாயங்காலம் ஆசிரியர் தொலைபேசியில் கூப்பிட்டார்.

"படம் எடுத்தாச்சா?"

"எடுக்கல சார்."

"ஏன்?"

"எடுத்தா வேன் சாயுது."

"ஊர்க் காத்து ஒத்துக்கலன்னா ஒரு மாத்திர போட்டுக்க" என்றார் ஆசிரியர்.

மாத்திரை போடவில்லை. அதற்குப் பதில் செய்தியாளர் ஒரு சிறு பெட்டிச் செய்தி எழுதினார், அது வெள்ளிக்கிழமை பத்திரிகையில் வந்தது. பாலத்தைக் கட்டிய தலைவர், பொறியாளர், ஒப்பந்தக்காரர் மூவரும் சனிக்கிழமை காலை பத்து மணிக்குப் பொதுமக்கள் முன்னிலையில் அதில் நடந்து காட்டுவார்கள் என்றும், அனைவரும் வருக என்றும் அதில் இருந்தது. அத்தோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் கைப்பழக்கம் விடவில்லை. கடைசியில் தடித்த எழுத்தில், 'இந்தப் பாலத்தில் எவர் கால் நிற்கவில்லையோ அவர் கை சுத்தமில்லை' என்று ஒரு வரி சேர்த்தார். எழுதும்போது அந்த வரி அவருக்கு மிகவும் பிடித்திருந்தது.

வரமாட்டேன் என்று சொன்னால் ஒப்புக்கொண்டதாகிவிடும் என்பதால் மூன்று பேரும் வந்தார்கள். இரு கரையிலும் கூட்டம். மரக்கிளையில் ஆள், மாடியில் ஆள், பாலத்திலேயே நடுவில் இரண்டு பெஞ்சு போட்டு டீச்சர்கள். தலைவர் அன்று வழக்கத்தைவிடப் பருமனாகத் தெரிந்தார். சட்டைக்குள் காற்றடைத்த ட்யூப் இருந்ததை ஊர் கண்டுகொள்ளாததுபோல் இருந்தது. பொறியாளர் பான்ட்டை முழங்கால்வரை மடித்திருந்தார். ஒப்பந்தக்காரர் இந்தத் தடவை செருப்பை வீட்டிலேயே விட்டுவிட்டு வந்திருந்தார். மூவரும் "நீங்க முன்னால போங்க" என்று ஒருவருக்கொருவர் மரியாதை செய்வதில் கால்மணி நேரம் போனது. கடைசியில் கைகோத்துக்கொண்டு ஒன்றாகக் கால் வைத்தார்கள். ஒன்றாக விழுந்தார்கள். ட்யூப் தலைவரைத் தலைகீழாக மிதக்க வைத்தது.

படகுக்காரருக்கு அது வாழ்நாளின் பொன்னான நாள். மூன்று பேரையும் கழியில் தொற்ற வைத்துவிட்டு, படகில் ஒரே ஒரு ஆளுக்குத்தான் இடம் இருக்கிறது, யாரை முதலில் ஏற்றுவது என்று யோசிக்க ஆரம்பித்தார். பொறியாளர் உடனே பேச ஆரம்பித்தார். எந்த வருடம், எந்தக் கோப்பு, யார் கையெழுத்து, யார் வீட்டு மாடி என்று பொறியாளர் சொல்லச் சொல்ல, ஒப்பந்தக்காரர் குறுக்கிட்டு விட்டுப்போனதைச் சேர்த்தார். தலைவர் தண்ணீரைத் துப்பிவிட்டு இருவரையும் திருத்தினார். நகராட்சிக் கூட்டத்தில்கூட அவர்கள் அவ்வளவு விவரமாகப் பேசியதில்லை. செய்தியாளர் கரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, ஒரு சொல் விடாமல் எழுதினார். எண்ணூறு பேர் சாட்சி. பிறகுதான் படகில் மூன்று பேருக்கும் இடம் இருப்பது படகுக்காரருக்கு நினைவு வந்தது. அன்றே தலைவர் மூட்டு வலி காரணமாகப் பதவி விலகினார். திங்கட்கிழமை விசாரணைக்கு ஆள் வந்தது. அவர்கள் கட்டிய மாடி வீடுகள் பிறகு விற்கப்பட்டுப் பாலத்துக்கு விளக்கு வந்தது.

சனிக்கிழமை மாலை செய்தியாளர் முழுக் கட்டுரையையும் தொலைபேசியில் படித்தார். ஆசிரியர் நடுவில் இரண்டு தடவை விசிலடித்தார்.

"எல்லாம் சரி. பாலம் இல்லங்கற வரி எங்க?"

"அது இல்ல சார்."

"எது இல்ல, பாலமா வரியா?"

"வரி" என்றார் செய்தியாளர். இருபத்துமூன்று வருடத்தில் அவர் வேண்டுமென்றே விட்ட முதல் வரி அதுதான்.

ஊரில் அவர் மதிப்பு ஒரே நாளில் எகிறியது. டீக் கிளாஸ் கைக்கு வந்தது, சலூன்காரர் காசு வாங்க மறுத்தார், செய்தியாளர் வற்புறுத்திக் கொடுத்தார். சிக்கல் என்னவென்றால், மறுநாள் பத்து மணிக்கு அவர் பதிவாளர் அலுவலகத்தில் அக்காவுக்குச் சாட்சிக் கையெழுத்துப் போட வேண்டும். ஞாயிறாக இருந்தும் அலுவலகத்தைத் திறக்கச் சம்மதித்திருந்த பதிவாளர் மாப்பிள்ளைக் கடையின் பழைய வாடிக்கையாளர். இது ஒரு முறைகேடு என்று செய்தியாளர் குறிப்பேட்டில் எழுதி, பிறகு அடித்துவிட்டார். படகில் போகலாம். காரில் சுற்றியும் போகலாம். ஆனால் கால் நிற்காதவர் கை சுத்தமில்லை என்று தடித்த எழுத்தில் அச்சிட்டவர் அவர். அந்தப் பெட்டிச் செய்தியை வெட்டி ஊரில் பாதிக் கடைகளில் ஒட்டியும் வைத்திருந்தார்கள். திங்கட்கிழமை அவரும் விழுந்ததைச் சனிக்கிழமைக் கொண்டாட்டத்தில் யாரும் நினைவூட்டவில்லை. நாளை அவர் படகில் வந்து இறங்கினால், கல்யாணப் பெண்ணின் தம்பியைப் பற்றி ஊர் பேச ஆரம்பித்துவிடும், அக்கா புது உறவுகள் முன்னால் அதைக் கேட்டுக்கொண்டு நிற்க வேண்டும்.

"நீ எப்படிடா வருவ?" என்று அக்கா கேட்டார்.

"வருவேன்" என்றார் செய்தியாளர்.

ஞாயிறு காலை ஏழு மணிக்கே அக்கா கல்யாண உடுப்போடு பாலத்தைக் கடந்து போய்விட்டார்; சுருக்கம் விழாமல் உடுப்பை ஒரு கையால் தூக்கிப் பிடித்தபடி அவர் ஆற்றின் மேலே போவதைக் கரையிலிருந்த எல்லாரும் பார்த்து நல்லாயிருக்கு என்றார்கள். செய்தியாளர் எட்டரைக்குக் குளித்து, சவரம் செய்து, நகராட்சி எதிரே போனார். விடுமுறை என்பதால் தெரு காலியாக இருந்தது. தட்டச்சு இயந்திரத்துக்கு உறை போட்டிருந்தது. அவர் அக்காவின் நாற்காலியில் உட்கார்ந்து, இழுப்பறையைத் திறந்து ஒரு வெள்ளைத் தாளை எடுத்தார், பேனாவைத் திறந்தார்.

நாலாயிரம் கட்டுரை எழுதிய கை அரை மணி நேரம் ஒன்றும் எழுதவில்லை. முதல் தாளில் 'இந்த நகரின் போக்குவரத்துத் தேவைகளைக் கருத்தில் கொண்டு' என்று ஆரம்பித்தார். அது தலையங்கம் மாதிரி இருந்தது, கிழித்தார். இரண்டாவதில் 'நான் கேட்க விரும்பும் கேள்வி என்னவென்றால்' என்று வந்தது, அதையும் கிழித்தார். தனக்கு ஒன்று வேண்டும் என்று எழுதுவது இவ்வளவு கஷ்டமான வேலை என்று அவருக்கு யாரும் சொன்னதில்லை. மூன்றாவது தாளை நேராக வைத்து, யாராவது பார்க்கிறார்களா என்று தெருவின் இரு பக்கமும் பார்த்துவிட்டு, இடப்பக்கம் இரண்டு விரல் இடம் விட்டார். ஐயா, என்று எழுதினார். அக்கரையில் என் அக்கா இருக்கிறார். நான் அங்கே போக வேண்டும். ஆகவே எனக்கு ஒரு பாலம் வேண்டும் என்று பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். கையெழுத்துப் போட்டு, தேதி போட்டு, நான்காக மடித்தார்.

மரத்தடியில் மண் இன்னும் இளகியிருந்தது. அவர் குனிந்து விரலாலேயே ஒரு சாண் தோண்டி, தாளை வைத்து மூடி, கையைத் துடைத்துக்கொண்டு, கரைக்குப் போய், காலை எடுத்து வைத்தார். தரை இருந்தது. கொஞ்சம் சொரசொரப்பான, வெயிலில் லேசாகச் சூடேறிய, சாதாரணத் தரை. பத்தடி, இருபதடி போய் அவர் நின்றார். கீழே தண்ணீரில் தன் நிழல் ஒரு பாலத்தின் நிழல் மேல் நிற்பதைப் பார்த்தார், அப்படியே பார்த்துக்கொண்டே இருந்தார். பின்னால் ஒரு அம்மா, ஒரு கையில் காய்கறிப் பையும் இன்னொரு கையில் பேரப்பிள்ளையுமாக, வழி கிடைக்காமல் உச்சுக்கொட்டினார்.

"நட்ட நடுவுல நின்னா மத்தவங்க எப்படிப் போறது? ஓரமா நில்லுங்க தம்பி."

"மன்னிச்சுக்குங்கம்மா" என்று செய்தியாளர் கைப்பிடியோடு ஒட்டி நின்று வழிவிட்டார். பிறகு கடிகாரத்தைப் பார்த்தார். பத்தாக ஆறு நிமிடம் இருந்தது. மற்ற எல்லாரையும் போலவே இடப்பக்கமாக, சற்று வேகமாக நடக்க ஆரம்பித்தார்.